சுடச்சுட ஒரு பெர்ரி இனிப்பு: பழத்தை எவ்வளவு நேரம் வேகவிடுவது, பட்டையும் ஏலக்காயும் எப்போது போடுவது?

சாரல்

எல்லோருக்கும் வணக்கம். இரவுச் சாப்பாடு முடிந்ததும் "இனிப்பு ஏதாவது இருக்கா?" என்று கேட்பவர்களுக்குக் கால் மணி நேரத்துக்குள் சூடாக ஒன்று செய்து கொடுக்க வேண்டும். கையில் ஸ்ட்ராபெர்ரியும் புளூபெர்ரியும் இருக்கின்றன. ராஸ்ப்பெர்ரி கிடைத்தால் அதையும் சேர்ப்பேன். பட்டை, ஏலக்காய், மிளகு, கிராம்பு எல்லாம் அஞ்சறைப் பெட்டியில் இருக்கிறது. மாவு பிசைவது, ஓவனைச் சூடேற்றுவது எல்லாம் வேண்டாம். ஒரு வாணலியில் முடிய வேண்டும்.

எனக்கு மூன்று சந்தேகங்கள். பழத்தையும் சர்க்கரையையும் ஒன்றாகக் கொதிக்க விட்டால் ஜாம் வாசனை வருகிறது, புதுப் பழத்தின் மணம் எங்கே போகிறது? பட்டைத்தூள் போட்டால் சாறு ஒரு மாதிரி வழவழப்பாகிறதே, அது ஏன்? அப்புறம், சாறு தண்ணீராக ஓடாமல் கரண்டியில் ஒட்டும் பதத்துக்கு வர சோள மாவு போட்டே ஆக வேண்டுமா?

ஏலவாசம்

சாரல், இந்த விஷயத்தில் எனக்கு ஒரு பிடிவாதம் உண்டு. பழத்தில் பாதிதான் அடுப்பில் ஏற வேண்டும். மீதிப் பாதி, அடுப்பை அணைத்த பிறகு அந்தச் சூட்டிலேயே விழ வேண்டும். உங்கள் முதல் கேள்விக்கு விடை இதில்தான் இருக்கிறது.

ஸ்ட்ராபெர்ரியின் மணம் ஒரே பொருளால் வருவதில்லை. எஸ்டர்கள் என்று சொல்லப்படும், எளிதில் ஆவியாகிற பொருட்கள் பல சேர்ந்துதான் அந்தப் புது மணத்தைத் தருகின்றன. கொதிக்கும்போது அவை நீராவியோடு போய்விடும். ஃபியூரனியால் என்ற இன்னொரு பொருள் அவ்வளவு சுலபமாகப் போகாது, நீரில் கரைந்து தங்கிவிடும். அதன் மணம் கருகும் சர்க்கரையை ஒட்டியது. அதனால்தான் வெந்த ஸ்ட்ராபெர்ரி ஜாம் மாதிரி மணக்கிறது. அதுவும் நல்ல மணம்தான், ஆனால் அது மட்டுமே இருந்தால் பழம் புதிதாக வாங்கியதற்கு அர்த்தமில்லை. பாதியை வேகவைத்துப் பாதியைப் பச்சையாகச் சேர்த்தால் இரண்டு மணமும் ஒரே கிண்ணத்தில் கிடைக்கும்.

நான்கு பேருக்கு என் அளவு இது. பழம் மொத்தம் 400 கிராம், சர்க்கரை 2 மேசைக்கரண்டி, வெண்ணெய் 1 மேசைக்கரண்டி, விரல் நீளத்தில் ஒரு பட்டை, ஏலக்காய் 3, மிளகு 6, எலுமிச்சைச் சாறு அரைத் தேக்கரண்டி, ஒரு சிட்டிகை உப்பு.

ஸ்ட்ராபெர்ரியைக் காம்போடு கழுவுங்கள். காம்பைக் கிள்ளிய பிறகு கழுவினால் அந்தக் குழியில் தண்ணீர் தங்கும். துணியில் பரப்பி ஈரம் போகவிட்டு, அப்புறம் நறுக்குங்கள். பாதிப் பழத்தில் சர்க்கரையையும் உப்பையும் தூவிப் புரட்டி வைத்துவிடுங்கள். பத்து நிமிடத்தில் கிண்ணத்தின் அடியில் சாறு கட்டியிருக்கும். சர்க்கரை பழத்துக்குள் இருக்கும் நீரை வெளியே இழுக்கிறது. வாணலியில் தனியாகத் தண்ணீர் ஊற்றும் வேலை இதனால் மிச்சம். தண்ணீர் ஊற்றினால் அதை வற்றவைக்கக் கூடுதல் நேரம் வேகவிட வேண்டும், பழம் அதற்குள் குழைந்துவிடும்.

அகலமான வாணலியைச் சிறு தீயில் வைத்து வெண்ணெய் போடுங்கள். உருகி நுரை வரும்போது பட்டை, நசுக்கிய ஏலக்காய், ஒன்றிரண்டாகப் பொடித்த மிளகில் பாதி. அரை நிமிடம் போதும். இவற்றின் மணம் தருகிற எண்ணெய்கள் தண்ணீரில் சரியாகக் கரையாது, கொழுப்பில் நன்றாகக் கரையும். வெண்ணெயில் முதலில் இறங்கிவிட்டால் மணம் சாறு முழுவதும் பரவும். பழத்தோடு சேர்த்துப் போட்டால் பட்டையைக் கடித்த இடத்தில் மட்டும் பட்டை தெரியும்.

இப்போது ஊறிய பழத்தைச் சாறோடு கொட்டி, தீயைக் கொஞ்சம் கூட்டுங்கள். முதலில் சின்னச் சின்னக் குமிழிகள் வேகமாக வரும். சாறு சுண்டச் சுண்டக் குமிழிகள் பெரிதாகி, மெதுவாக வெடிக்கும். கரண்டியால் வாணலியின் அடியில் ஒரு கோடு இழுத்தால், அது உடனே மூடாமல் ஒரு கணம் நின்று மூட வேண்டும். அந்த இடத்தில் அணைத்துவிடுங்கள். மூன்று, நான்கு நிமிடத்துக்கு மேல் ஆகாது. மீதிப் பழத்தைப் போட்டு, எலுமிச்சை பிழிந்து, ஒரே ஒரு தடவை புரட்டி, இரண்டு நிமிடம் அப்படியே விடுங்கள். பட்டையை எடுத்துவிட்டுப் பரிமாறலாம்.

பட்டைத்தூள் வழவழப்பாவது இயல்பு. பட்டையில் நீரை உறிஞ்சிக் கொழகொழப்பாகும் பசை உண்டு. தூளாக இருக்கும்போது அது முழுதும் சாறில் இறங்கிவிடும். துண்டுப் பட்டை போட்டால் அந்தத் தொல்லை இல்லை.

மிளகுத்தூள்

முறை நன்றாக இருக்கிறது. ஆனால் மிளகை வெண்ணெயில் போடுவதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். மிளகின் காரம் பைப்பரின் என்ற பொருளால் வருவது. அது ஆவியாகாது, எவ்வளவு சூடாக்கினாலும் காரம் இருக்கும். ஆனால் மிளகுக்கு ஒரு மணம் இருக்கிறதே, மரவாசனையும் எலுமிச்சைத் தோல் வாசனையும் கலந்த மாதிரி, அது முதல் சூட்டிலேயே பறந்துவிடும். அதனால் முழுவதையும் கடைசியில், கிண்ணத்தின் மேல், அப்போதே பொடித்துப் போட வேண்டும். ஸ்ட்ராபெர்ரிக்கும் மிளகுக்கும் பொருத்தம் இருக்கிறது என்று சொல்வதே அந்த மணத்துக்காகத்தான்.

ஏலவாசம்

அதனால்தான் பாதி என்று எழுதினேன், மீதிப் பாதியை எங்கே போடுவது என்று எழுதாமல் விட்டுவிட்டேன். அது நீங்கள் சொல்கிற இடத்துக்குத்தான். வெண்ணெயில் போகிற மிளகு தொண்டையில் மெல்லிய சூடாக நிற்கும், மேலே போடுவது மூக்குக்கு. இரண்டும் வேண்டும் என்பது என் கட்சி. காரமே பிடிக்காத குழந்தைகள் இருந்தால் வெண்ணெயில் போடுவதை விட்டுவிட்டு, பெரியவர்கள் கிண்ணத்தில் மட்டும் மேலே பொடித்துப் போடலாம்.

அடுப்பங்கரை

ஒரு முக்கியமான விஷயம் விட்டுப்போகிறது. பெர்ரி என்று ஒரே பெயரில் கூப்பிட்டாலும் அடுப்பில் ஒவ்வொன்றும் ஒவ்வொரு மாதிரி. எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் கொட்டினால் ஒன்று கரைந்துபோகும், ஒன்று வேகாமல் இருக்கும்.

புளூபெர்ரிக்கு முழுசாக ஒரு தோல் இருக்கிறது. மேலே சாம்பல் பூத்த மாதிரி ஒரு மெழுகுப் படலமும் உண்டு. உள்ளே இருக்கும் நீர் சூடாகி விரிந்து தோலைக் கிழிக்கும் வரை பழம் அப்படியேதான் இருக்கும். காது கொடுத்தால் "பட்" என்று வெடிப்பதும் கேட்கும். வெடிக்கும் முன் சாப்பிட்டால் வெந்த ருசியும் இல்லை, பச்சை ருசியும் இல்லை. அதனால் அடுப்பில் ஏற வேண்டிய பாதிக்கு முதல் தேர்வு புளூபெர்ரிதான். அதில் நாலைந்தைக் கரண்டியால் வாணலியின் ஓரத்தில் நசுக்கிவிட்டால் சாறுக்கு நிறமும் திடமும் சேரும்.

ஸ்ட்ராபெர்ரிக்கு அப்படித் தனித் தோல் கிடையாது. நூறு கிராமில் ஏறக்குறைய 91 கிராம் தண்ணீர். சூடு பட்டதும் உள்ளே இருக்கும் காற்றும் நீரும் வெளியேறி, பழம் வெளிறிப் பஞ்சு மாதிரி ஆகிவிடும். நிறமெல்லாம் சாறுக்குப் போய்விடும். அதனால் பெரிதாக, இரண்டாக மட்டும் வெட்டினால் போதும். பொடியாக நறுக்க வேண்டாம்.

ராஸ்ப்பெர்ரியைக் கையில் எடுத்துக் கிட்டத்தில் பாருங்கள். குட்டிக் குட்டி உருண்டைகள் ஒட்டியிருக்கும், ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு விதை. அவற்றை ஒன்றோடொன்று பிடித்து வைத்திருப்பது பெரும்பாலும் மேலே இருக்கும் மெல்லிய ரோமங்கள்தான். பறிக்கும்போது நடுத்தண்டு செடியிலேயே தங்கிவிடுவதால் பழத்தின் நடுவில் குழி. தாங்கிப் பிடிக்க உள்ளே எதுவும் இல்லாததால் சூடான சாறில் விழுந்து இரண்டு தடவை கிளறினாலே உதிர்ந்துவிடும். இது எப்போதும் அடுப்பை அணைத்த பிறகுதான். பிளாக்பெர்ரியில் அந்த நடுத்தண்டு பழத்தோடு வந்துவிடும். அதனால் ஓரிரு நிமிடம் தாங்கும்.

ஆக வரிசை இதுதான்: முதலில் புளூபெர்ரி, ஒரு நிமிடம் கழித்து ஸ்ட்ராபெர்ரியில் கொஞ்சமும் பிளாக்பெர்ரியும், அணைத்த பிறகு ராஸ்ப்பெர்ரியும் மீதி ஸ்ட்ராபெர்ரியும்.

சாரல்

அடுப்பங்கரை, ரொம்ப நன்றி. பாதிப் பாதி என்பதை இப்படி எந்தப் பழம் எந்தப் பாதி என்று பிரித்தால் வேலை இன்னும் சுலபமாகிறது. கெட்டியாவது பற்றி யாராவது சொல்லுங்களேன். ஏலவாசம் சோள மாவே போடவில்லை போல.

கிண்ணம்

நான் போடுவேன், காரணத்தோடு போடுவேன்.

பழத்தில் பெக்டின் என்ற இயற்கையான பசைப்பொருள் இருக்கிறது, தானாகக் கெட்டியாகும் என்று பலர் நம்புகிறார்கள். ஜாமில் அது நடக்கும், ஏனென்றால் ஜாமில் பாதிக்கு மேல் சர்க்கரை. பெக்டின் வலைபோல் இறுகுவதற்கு நிறையச் சர்க்கரையும் போதுமான புளிப்பும் வேண்டும். இங்கே 400 கிராம் பழத்துக்கு இரண்டு மேசைக்கரண்டி சர்க்கரைதான். இந்த அளவில் பெக்டின் இறுகாது. போதாக்குறைக்கு ஸ்ட்ராபெர்ரியில் பெக்டினே குறைவு. எனவே இரண்டு வழிதான்: சாறைச் சுண்டவைப்பது, இல்லையென்றால் மாவு. சுண்டவைத்தால் சாறு குறையும். ஐஸ்கிரீம் மேல் ஊற்றத் தாராளமாகச் சாறு வேண்டுமென்றால் மாவுதான்.

அளவு: ஒரு கப் சாறும் பழமும் சேர்ந்ததற்கு ஒரு தேக்கரண்டி சோள மாவு, அதே அளவு குளிர்ந்த தண்ணீரில் கரைத்து ஊற்றவும். தூளாக நேரே போட்டால் மேல்பகுதி வெந்து உள்ளே மாவாகக் கட்டி விழும். ஊற்றிய பிறகு ஒரு கொதி கண்டிப்பாக வர வேண்டும். கொதி வராத சோள மாவு வாயில் சுண்ணாம்பு மாதிரி நிற்கும், கெட்டியும் ஆகாது. அதே சமயம் கொதித்துக்கொண்டே இருந்தாலும் ஆபத்து. பழத்தின் புளிப்பு மாவைச் சிதைத்து மறுபடி தண்ணீராக்கிவிடும். கொதி வந்து அரை நிமிடம், அத்தோடு சரி.

ஆரோரூட் மாவு கிடைத்தால் அது இன்னும் பொருத்தம். சோள மாவைவிடக் குறைந்த சூட்டிலேயே கெட்டியாகும், சாறு கண்ணாடி மாதிரி தெளிவாக இருக்கும். பழத்தை அதிகம் வதைக்க வேண்டியதில்லை.

ஏலவாசம்

கிண்ணம் சொன்ன அறிவியலில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் மாவு போட்ட சாறு நாக்கில் ஒரு படலம் போடுகிறது, ஏலக்காயின் மணம் அதற்குப் பின்னால் ஒளிந்துகொள்கிறது. குறைந்த சாறு, கூர்மையான ருசி என்பதுதான் எனக்குப் பிடித்தது. வெண்ணெய் சாறோடு கலந்து நிற்பதாலேயே கொஞ்சம் பளபளப்பும் திடமும் வந்துவிடும். இன்னும் வேண்டுமென்றால், அணைத்த பிறகு குளிர்ந்த வெண்ணெய் ஒரு சின்னத் துண்டு போட்டு வாணலியைச் சுழற்றுங்கள். ஐஸ்கிரீமுக்காகச் செய்வதென்றால் கிண்ணத்தின் வழி, தனியாகச் சாப்பிடுவதென்றால் என் வழி என்று வைத்துக்கொள்ளலாமா?

கிண்ணம்

அப்படியே வைத்துக்கொள்வோம். ஐஸ்கிரீம் உருகி எப்படியும் சாறை நீர்க்கச் செய்யும், அங்கே மாவு கைகொடுக்கும்.

புதுக்கரண்டி

ஒரு கேள்வி. இரும்பு வாணலியில் செய்தால் சாறு சிவப்பாக இல்லாமல் கருநீலமாக மங்கிவிடுகிறது. பழம் பழையதாக இருந்தால் இப்படி ஆகுமா? இன்னொன்று, கடைசியில் கொஞ்சம் பால் ஊற்றினால் திரிதிரியாகிவிடுகிறது. கிரீமி ஆக்க வேறு வழி உண்டா?

அடுப்பங்கரை

பழத்தின் மேல் பழி போடாதீர்கள். பெர்ரிக்குச் சிவப்பும் நீலமும் தருவது ஆந்தோசயனின் என்ற நிறமி. புளிப்பு இருந்தால் அது சிவப்பாக இருக்கும், புளிப்பு குறையக் குறைய ஊதாவுக்கும் நீலத்துக்கும் போகும். இரும்பு, அலுமினியம் போன்ற உலோகங்களோடு சேர்ந்தாலும் நிறம் மாறும். பழத்தின் புளிப்பு இரும்பைக் கொஞ்சம் கரைக்கும், அந்த இரும்புதான் சாறை மங்கவைக்கிறது. கூடவே ஒரு உலோக ருசியும் வரும். எவர்சில்வர், நான்ஸ்டிக், எனாமல் பூசியது, இவற்றில் எது இருந்தாலும் சரி.

எலுமிச்சையைக் கடைசியில் பிழியச் சொன்னதன் பலனை இங்கே கண்ணால் பார்க்கலாம். புளூபெர்ரி அதிகமாகப் போட்டு, சாறு கருஊதாவாக இருக்கும்போது வாணலியின் ஒரு ஓரத்தில் மட்டும் இரண்டு சொட்டு எலுமிச்சை விடுங்கள். விழுந்த இடம் மட்டும் செந்நிறமாகத் திறந்துகொள்ளும். சோடா உப்புப் பட்ட கரண்டியை மட்டும் இதற்குள் விட்டுவிடாதீர்கள், நிறம் நேர்மாறாகப் போய் நீலமும் பச்சையுமாகத் தெரியும்.

பால் திரிவதும் அதே புளிப்பால்தான். பெர்ரிச் சாறு பாலைத் திரித்துவிடும் அளவுக்குப் புளிப்பானது, சூடும் சேர்ந்தால் கேட்கவே வேண்டாம். பால் ஊற்றாதீர்கள். கொழுப்பு அதிகமுள்ள கிரீம் அவ்வளவு எளிதில் திரியாது. அதையும் வாணலியில் கலக்காமல், கிண்ணத்தில் ஊற்றிய பிறகு மேலே விடுங்கள். கெட்டித் தயிரும் அப்படியே, சூடான சாறுக்குப் பக்கத்தில் குளிர்ச்சியாக ஒரு கரண்டி. அது ஏற்கெனவே உறைந்தது என்பதால் திரிந்துவிடுமோ என்ற கவலையே இல்லை.

தேன்துளி

சர்க்கரைக்குப் பதில் தேன் போடலாமா? அம்மாவுக்குச் சர்க்கரை நோய் இருக்கிறது, அவர்களுக்கும் ஒரு கரண்டி கொடுக்க ஆசை.

ஏலவாசம்

தேன் போடலாம், ருசி பிரமாதமாக இருக்கும், முக்கியமாக ஏலக்காயோடு. ஆனால் வாணலியில் போடாமல் அணைத்த பிறகு போடுங்கள், தேனின் மணமும் சூட்டில் போய்விடக்கூடியதுதான். வீட்டில் ஒரு வயதுக்குக் குறைந்த குழந்தை இருந்தால் தேன் சேர்த்த எதையும் கொடுக்கக்கூடாது, சூடாக்கியிருந்தாலும்.

அம்மாவுக்கு என்று வரும்போது தேனும் சர்க்கரைதான், ரத்தத்தில் சர்க்கரை ஏறத்தான் செய்யும். அவர்கள் அளவை மருத்துவரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள். சமையல் பக்கத்திலிருந்து என்னால் சொல்லக்கூடியது இது: நூறு கிராம் ஸ்ட்ராபெர்ரியிலும் ராஸ்ப்பெர்ரியிலும் இயல்பான சர்க்கரை 5 கிராம் அளவில்தான், புளூபெர்ரியில் அதைப்போல இரண்டு மடங்கு. அவர்கள் கிண்ணத்துக்கு முதல் இரண்டையும் அதிகம் போடுங்கள். நன்றாகப் பழுத்ததாகத் தேர்ந்தெடுங்கள். பட்டையும் ஏலக்காயும் வெனிலாவும் இனிப்பே அல்ல, ஆனால் இனிப்புப் பலகாரங்களில் முகர்ந்து பழகிய மணம் என்பதால் நாக்கை நம்பவைக்கும். அதனால் சர்க்கரை போடாத கிண்ணத்தில் இவற்றைக் கொஞ்சம் கூட்டிப் போடலாம்.

இன்னொன்றும் இருக்கிறது. வெதுவெதுப்பாக இருக்கும்போது இனிப்பு நாக்கில் தூக்கலாகத் தெரியும், ஆறினால் அதே பண்டம் இனிப்புக் குறைந்ததாகத் தோன்றும். அதனால் சூடாகப் பரிமாறும் இதற்குச் சர்க்கரை குறைவாகவே போதும். கொதிக்கும்போது ருசி பார்த்து முடிவு செய்யாமல், ஒரு கரண்டியை ஊதி, சாப்பிடும் சூட்டுக்குக் கொண்டுவந்து ருசி பாருங்கள்.

வெண்ணெய்க்கட்டி

எல்லோரும் சாறையும் பழத்தையும் பற்றியே பேசுகிறீர்கள். இந்தக் கிண்ணத்தில் எல்லாமே மெத்தென்று இருக்கிறது, கடிக்க ஒன்றுமில்லை. மொறுமொறுப்பு இல்லாமல் இரண்டாவது கரண்டிக்கு மேல் அலுத்துவிடும். இதை நான் அழுத்திச் சொல்கிறேன்.

ஓவன் இல்லாமலேயே மேல்தூவல் செய்யலாம். இன்னொரு வாணலியில் ஒரு மேசைக்கரண்டி வெண்ணெய் உருக்கி, அரை கப் ஓட்ஸ், இரண்டு மேசைக்கரண்டி கோதுமை மாவு, ஒரு மேசைக்கரண்டி பழுப்புச் சர்க்கரை, நொறுக்கிய பாதாம் ஒரு கைப்பிடி, ஒரு சிட்டிகை உப்பு. நடுத்தரத் தீயில் கிளறிக்கொண்டே இருங்கள். முதலில் ஈரமாக, கட்டி கட்டியாக இருக்கும். ஐந்தாறு நிமிடத்தில் பச்சை மாவு வாசனை போய், வறுத்த வாசனை வரும். அப்போது தட்டில் பரப்பிவிடுங்கள். வாணலியில் சூடாக இருக்கும்போது மெத்தென்றுதான் இருக்கும், அதை நம்பி இன்னும் வறுத்தால் கருகிவிடும். தட்டில் ஆறும்போதுதான் மொறுமொறுப்பு ஏறும்.

பட்டைத்தூள் போட ஆசைப்படுகிறவர்கள் அதை இங்கே போடலாம். ஈரம் இல்லாத இடம், வழவழப்பு வராது. அணைப்பதற்குக் கொஞ்சம் முன்னால் கால் தேக்கரண்டி. முன்னாலேயே போட்டால் கசக்கும். சுக்குத்தூளும் இதே மாதிரி.

பழத்தின் மேல் இதைச் சாப்பிடும் நேரத்தில்தான் தூவ வேண்டும். ஐந்து நிமிடம் முன்னால் தூவினால் சாறை உறிஞ்சிக் கஞ்சியாகிவிடும்.

மிளகுத்தூள்

வெண்ணெய்க்கட்டி சொன்னதை முழுதாக ஆதரிக்கிறேன். ஆனால் நேரம் இருக்கிறவர்கள் ஓவனை ஒதுக்க வேண்டாம். பழத்தை அகலமான பாத்திரத்தில் ஒரே அடுக்காகப் பரப்பி, சர்க்கரையும் வெண்ணெயும் போட்டு 200 டிகிரியில் பதினைந்து நிமிடம். கிளறவே வேண்டாம் என்பதால் பழம் உடையாது, ஓரத்தில் சாறு சுண்டிக் கருஞ்சிவப்பாகப் பிசுபிசுவென்று ஒட்டியிருக்கும். அந்த ருசி வாணலியில் வராது.

ஏலவாசம்

ருசியை மறுக்கவில்லை, மிளகுத்தூள். ஆனால் ஓவன் சூடேறவே பத்து நிமிடம் போய்விடும், சாரல் கேட்டது கால் மணி நேரத்துக்குள். தவிர அங்கே எல்லாப் பழமும் வெந்துவிடுகிறது, பச்சை மணம் ஒன்றும் மிஞ்சாது. அப்படிச் செய்தாலும் வெளியே எடுத்ததும் ஒரு கைப்பிடி புதுப் பழத்தைப் போட்டுப் புரட்டுங்கள், என் பிடிவாதத்துக்காக.

இரவுப்பறவை

விடுதி அறையில் இருக்கிறேன். அடுப்பு கிடையாது, மைக்ரோவேவ் மட்டும்தான். எனக்கு இதில் ஏதாவது வழி உண்டா? அன்னாசிப்பூவும் கிராம்பும் கொஞ்சம் வைத்திருக்கிறேன், அவற்றைப் போடலாமா?

கிண்ணம்

உண்டு, நன்றாகவே வரும். பழத்தைவிட மூன்று மடங்கு பெரிய கண்ணாடிக் கிண்ணம் எடுத்துக்கொள்ளுங்கள். சர்க்கரைப் பாகு மைக்ரோவேவில் சட்டென்று பொங்கும், சின்னக் கிண்ணம் தாங்காது. முதலில் ஒரு தேக்கரண்டி வெண்ணெயும் ஒரு அன்னாசிப்பூவும் போட்டு, வெண்ணெய் உருகும் வரை இருபது விநாடி. அப்புறம் 100 கிராம் புளூபெர்ரி, ஒன்றரைத் தேக்கரண்டி சர்க்கரை. புளூபெர்ரியில் சிலவற்றை முள்கரண்டியால் குத்திவிடுங்கள், இல்லாவிட்டால் வெடித்துச் சுவரெல்லாம் தெறிக்கும். மேலே தட்டைச் சாய்வாக வைத்து, ஆவி போக இடம் விட்டு ஒரு நிமிடம். எடுத்துக் கிளறி மறுபடி அரை நிமிடம். உடனே வாயில் வைக்காதீர்கள், சர்க்கரை சேர்ந்த சாறு நாக்கைப் பொசுக்கிவிடும். நறுக்கிய ஸ்ட்ராபெர்ரி ஒரு கைப்பிடி போட்டு இரண்டு நிமிடம் விட்டால் எல்லாம் சமநிலைக்கு வரும்.

அன்னாசிப்பூ ராஸ்ப்பெர்ரிக்கும் பிளாக்பெர்ரிக்கும் ரொம்பப் பொருந்தும். கிராம்பில் கவனமாக இருங்கள். அதில் இருக்கும் யூஜினால் நாக்கையே மரக்கவைக்கும். உங்கள் அளவுக்கு ஒரே ஒரு கிராம்பு, அதையும் சூடாக்கியதும் எடுத்துவிடுங்கள். இரண்டையும் ஒன்றாகப் போடாதீர்கள், பழம் இருக்கிற இடமே தெரியாது.

அடுப்பங்கரை

அதே எச்சரிக்கையை எல்லோருக்கும் சொல்லலாம். பட்டை, ஏலக்காய், கிராம்பு, ஜாதிக்காய், அன்னாசிப்பூ என்று பெட்டியில் இருப்பதெல்லாம் ஒரே வாணலியில் போனால் எந்தப் பழம் போட்டாலும் ஒரே ருசிதான். இரண்டு போதும், அதிகம் போனால் மூன்று. ஸ்ட்ராபெர்ரிக்கு ஏலக்காயும் மிளகும். புளூபெர்ரிக்குப் பட்டையும் எலுமிச்சைத் தோல் துருவலும். கொத்தமல்லி விதையை லேசாக நசுக்கிப் போட்டாலும் புளூபெர்ரிக்கு அழகாகச் சேரும், லினலூல் என்ற மணப்பொருள் இரண்டிலும் இருக்கிறது. ராஸ்ப்பெர்ரிக்கு வெனிலாவோடு நிறுத்திக்கொள்வேன். ஜாதிக்காயைப் பழத்தில் போடாமல் மேலே வைக்கும் கிரீமில் ஒரு துருவல் மட்டும்.

சாரல்

இன்று செய்துவிட்டேன். புளூபெர்ரியும் கொஞ்சம் ஸ்ட்ராபெர்ரியும் வாணலியில், மீதி ஸ்ட்ராபெர்ரி அணைத்த பிறகு. பட்டையும் ஏலக்காயும் வெண்ணெயில், மிளகு மேலே. மாவு போடவில்லை. கெட்டித் தயிரும் வெண்ணெய்க்கட்டியின் ஓட்ஸும் வைத்துக் கொடுத்தேன். அணைத்த பிறகு போட்ட ஸ்ட்ராபெர்ரி ஓரத்தில் மட்டும் இளகி, நடுவில் பழமாகவே இருந்தது. அந்த மணம் கிண்ணத்தைக் கையில் வாங்கும்போதே தெரிகிறது. கொஞ்சம் மீதி இருக்கிறது, நாளைக்கு வைக்கலாமா?

ஏலவாசம்

ரொம்ப சந்தோஷம், சாரல். மூடி போட்டுக் குளிர்பெட்டியில் இரண்டு மூன்று நாள் வைக்கலாம். பட்டை இன்னும் உள்ளே இருந்தால் எடுத்துவிடுங்கள், ஊற ஊறத் தூக்கலாகிவிடும். ஓட்ஸைத் தனி டப்பாவில் போட்டு வெளியே வையுங்கள். மறுபடி சூடாக்கும்போது கொதிக்க விடாமல் சிறு தீயில் வெதுவெதுப்பாக்கினால் போதும். ஊறிய ஸ்ட்ராபெர்ரி இரவுக்குள் துவண்டுவிடும் என்பதால், அணைத்த பிறகு புதுப் பழம் நாலு நறுக்கிப் போட்டு, இரண்டு சொட்டு எலுமிச்சை விடுங்கள்.